பட்டினி கேட்கும் செடி

எங்கள் வீட்டுக்கு அந்தப் பெட்டி வந்தபோது, என் கணவருக்குச் சிறுநீரகம் கெட்டுவிட்டது என்று தெரிந்து நான்கு மாதம் ஆகியிருந்தது. டாக்டர் ஸ்டேஜ் ஃபோர் என்றார். டயாலிசிஸ் இப்போதைக்கு வேண்டாம், வாயைக் கட்டினால் சில வருடங்கள் தள்ளிப்போடலாம், கட்டாவிட்டால் சொல்ல முடியாது என்றார். அந்தச் 'சொல்ல முடியாது' என்பதை அவர் எங்களைப் பார்க்காமல் கணினியைப் பார்த்துச் சொன்னது எனக்குப் பிடிக்கவில்லை. அன்றிலிருந்து எங்கள் வீட்டில் நடந்த எல்லாமே அந்தத் தள்ளிப்போடலுக்காகத்தான் நடந்தது. மகள் கல்யாணமாகி ஜோகூரில் இருக்கிறாள். கிள்ளானில் இந்த வீட்டில் நாங்கள் இரண்டு பேர் மட்டும்.

பெட்டிக்குள் மூன்று செடிகள் இருந்தன. கேமரன் மலையில் ஒரு நர்சரிக்காரர் செய்தித்தாளில் சுற்றி அனுப்பியிருந்தார். ஒவ்வொன்றும் முழங்கை உயரம். இலைகள் தடிமனாக, விறைப்பாக இருந்தன. தொட்டால் இலையைத் தொட்ட மாதிரியே இல்லை, ரப்பர் செருப்பைத் தொட்ட மாதிரி இருந்தது. "என்னங்க இது?" என்றேன். "புரோட்டியா" என்றார், நான் மறந்துபோன சொந்தக்காரர் ஒருவரின் பெயரைச் சொல்வது போல.

நான் மறக்கவில்லை. அவர் துறைமுகத்தில் முப்பது வருடம் குளிர் கண்டெய்னர்களைப் பழுது பார்த்தவர். ஒருமுறை தென்னாப்பிரிக்காவிலிருந்து வந்த கண்டெய்னர் ஒன்றில் குளிர் நின்றுபோய், உள்ளே இருந்த சரக்கெல்லாம் அழுகிவிட்டது. அந்த நாற்றத்துக்கு நடுவே ஒரே ஒரு வகைப் பூ மட்டும் ஒன்றும் ஆகாமல் இருந்ததாம். குப்பைக்குப் போனதில் ஒன்றை எடுத்து வந்தார். பச்சைக் குழந்தையின் தலை அளவு இருந்தது. சுற்றிலும் வெளிர்சிவப்பில் கூர்கூரான இதழ்கள், நடுவில் வெள்ளை ரோமம். ஹார்லிக்ஸ் பாட்டிலில் வைத்தேன். தண்ணீர் வற்றிய பிறகும் அது அப்படியே இருந்தது. ஒரு மாதம், இரண்டு மாதம், அரை வருடம். வாடவே இல்லை. பூ என்றால் வாட வேண்டாமா? எனக்கு அதைப் பார்க்கவே ஒரு மாதிரி இருக்கும். தீபாவளிக்கு வீடு கழுவும்போது தூக்கிப் போட்டுவிட்டேன். அவர் ஒரு வார்த்தை சொல்லவில்லை. ஓய்வு பெற்று, உடம்பும் கெட்டு, கை சும்மா இருக்கும் காலத்தில் இதோ மூன்றாகத் திரும்பி வந்து நிற்கிறது.

அந்தச் செடிகளுக்கு அவர் செய்த பணிவிடை இருக்கிறதே, என் பிரசவத்துக்குக்கூட அவர் அப்படி ஓடியாடியதில்லை. பிளாஸ்டிக் தொட்டி ஆகாது, மண் தொட்டிதான் வேண்டும் என்று மூன்று உயரமான மண் தொட்டிகள் வாங்கினார். ஆற்று மணலை ஏழு தண்ணீர் கழுவினார். பெர்லைட் என்று ஏதோ வெள்ளைப் பொரி மாதிரி ஒன்று, காய்ந்த பைன் மரப்பட்டை, இவற்றைக் கலந்து நிரப்பினார். மண் என்று சொல்ல ஒரு பிடிகூட இல்லை. கார் நிறுத்தும் இடத்தில், காற்றோட்டம் வேண்டும் என்று தொட்டிகளைச் செங்கல் மேல் தூக்கி வைத்தார். கிள்ளான் புழுக்கம் இதற்கு ஆகாது என்று சாயங்காலத்தில் மேசைக் காற்றாடியை அவற்றின் பக்கம் திருப்பி விட்டார். நான் உள்ளே வேர்வையில் குளித்துக்கொண்டு சமைப்பேன். செடிகள் வெளியே காற்று வாங்கும்.

இதற்கெல்லாம் மேலே ஒரு சட்டம் இருந்தது. உரமே போடக் கூடாது. "இந்த உர மூட்டையில மூணு நம்பர் போட்டிருப்பான் பாரு, நடு நம்பர் பாஸ்பரஸ். அது இதுக்கு வெஷம். இது பொறந்த ஊர்ல மண்ணுல சத்தே கெடையாது. பட்டினியிலயே வளர்ந்து பழகிடுச்சு. சாப்பாடு போட்டா செத்துடும்."

"சாப்பாடு போட்டா சாகுற செடி உலகத்துல உண்டா?"

"ஏன் இல்ல? நான் இருக்கேன்லா," என்று சிரித்தார்.

எனக்குச் சிரிப்பு வரவில்லை. அந்த வாரம்தான் ஆஸ்பத்திரியில் உணவு ஆலோசகர் ஒரு தாள் கொடுத்திருந்தார். சின்னப் பெண், எங்கள் மகள் வயதுகூட இருக்காது, அவ்வளவு மரியாதையாகத்தான் பேசினாள். பாஸ்பரஸ் குறைக்கணும் ஆன்டி, பருப்பு வேணாம், நெத்திலி வேணாம், பால் வேணாம், கச்சான் கடலை வேணாம். தாள் முழுக்கப் படம் போட்டு, மேலே சிவப்பில் பெருக்கல் குறி. முப்பது வருடம் நான் சமைத்துப் போட்டதையெல்லாம் யாரோ வரிசையாக அடித்துப் போட்ட மாதிரி இருந்தது. வீட்டுக்கு வந்து அதைக் குளிர்சாதனப் பெட்டியின் மேல் காந்தத்தால் அடித்து ஒட்டினேன். பின்பக்கத்திலும் அச்சடித்திருந்தது. ஒரு பக்கமே போதும் என்று கோபம். நான் திருப்பிப் பார்க்கவில்லை.

அவர் அந்தத் தாளையும் செடியையும் சேர்த்தே பேசுவார். எனக்கும் இதுக்கும் ஒரே டயட், இது பிழைச்சா நானும் பிழைச்சேன் என்பார். வாயைக் கழுவுங்கள் என்பேன். கண்டெய்னருக்குள் தலையை விட்டுப் பழுது பார்த்த மனிதர், சகுனம் பார்க்கிற ஆளே கிடையாது. விளையாட்டுக்குத்தான் சொன்னார் என்று இப்போதும் நினைக்கிறேன். ஆனால் அந்தப் பேச்சு எனக்குள் போய் உட்கார்ந்துகொண்டது. காலையில் கதவைத் திறந்ததும் கோலம் போடுவதற்கு முன்பே மூன்று செடிகளையும் எண்ணிப் பார்க்கும் பழக்கம் வந்துவிட்டது.

என்னைப் பற்றியும் சொல்ல வேண்டும். எங்கள் தாமான் குடியிருப்பில் எனக்குக் கைராசிக்காரி என்று பெயர். பின்கட்டில் என் கறிவேப்பிலை மரம் சாக்கடையைத் தாண்டிப் பின்வீட்டுக்காரர் துணி காயப்போடும் கம்பி வரை போய் நிற்கும். மிளகாய், பண்டான், செராய்ப் புல், மல்லிகை எல்லாம் உண்டு. ரகசியம் ஒன்றும் இல்லை. அரிசி கழுவிய தண்ணீர் ஒரு சொட்டுகூட என் வீட்டில் வீணாகாது. ஞாயிற்றுக்கிழமை மீன் கழுவிய தண்ணீர் கறிவேப்பிலைக்கு. மல்லிகைக்கு எலும்புத்தூள். செடியோ மனிதரோ, வாடினால் ஏதாவது கொடு. எனக்குத் தெரிந்த வைத்தியம் அது ஒன்றுதான். அப்படிப்பட்டவளின் வீட்டில், முன்வாசலில் மூன்று செடியும் ஒரு மனிதரும் பட்டினி கிடந்தார்கள். அவர் சட்டை தோளில் தொங்கத் தொடங்கியது. காய்கறியைக் கூட வேகவைத்துத் தண்ணீரை வடித்துக் கொட்டிவிட்டுத்தான் தாளிக்க வேண்டும் என்றாள் அந்த உணவு ஆலோசகப் பெண். அந்தத் தண்ணீரைச் சாக்கடையில் கொட்டும்போதெல்லாம் அழுகை வரும்.

வருடக் கடைசி மழையில் முதல் செடி போனது. போனது என்பதை நான் கண்டுபிடிக்கவே இல்லை. ஒரு வாரமாக விடாத மழை. காலையில் அவர் நடுத் தொட்டியின் முன்னால் குந்தி உட்கார்ந்து, செடியை இரண்டு விரலால் பிடித்து மெல்ல இழுத்தார். தயிரில் குத்திய கரண்டி மாதிரி அது அப்படியே கையோடு வந்துவிட்டது. வேர் முழுக்கக் கறுப்பு. ஆனால் இலைகள் பச்சையாக, விறைப்பாக, நேற்றுப் பார்த்த மாதிரியே இருந்தன.

"செத்து ரெண்டு மூணு வாரம் ஆகியிருக்கும். எலைக்கு இன்னும் தெரியல," என்றார்.

இரண்டு மூன்று வாரமாக நான் தினமும் காலையில் ஒரு பிணத்தையும் சேர்த்து எண்ணியிருக்கிறேன். அதற்குப் பிறகு செடிகளை நம்புவதை விட்டேன். அவரையும் நம்பவில்லை. விடிந்து எழுந்ததும் முதல் வேலையாக அவர் கால் கட்டைவிரலைத் தொட்டுப் பார்ப்பேன், சூடாக இருக்கிறதா என்று. அவர் தூங்குவது போலவே படுத்திருப்பார். தூங்கினாரா, தெரியாது.

அந்த வாரம் என் தங்கை வந்தாள். பிரிக்பீல்ட்ஸில் ஒரு புடவைக் கடையில் வேலை பார்க்கிறாள், அந்தக் கடைக்கு வராத சேதியே இல்லை. அவரைப் பார்த்துவிட்டு என்னைச் சமையலறைக்குள் இழுத்துக்கொண்டு போனாள். "என்னக்கா, அத்தான் இப்படி எளைச்சுட்டாரு? டாக்டர் பேச்ச மட்டும் கேட்டுக்கிட்டு இருந்தா எப்படி? வாழைத்தண்டுச் சாறு குடு. எங்க கடைக்கு வர்ற ஒரு ஆன்டி வீட்டுக்காரருக்குக் கிட்னி கழுவணும்னு நாள் குறிச்சுட்டாங்க. மூணு மாசம் இத குடிச்சாரு, இப்ப கார் ஓட்டுறாரு."

வாழைத்தண்டு சிறுநீரகத்துக்கு நல்லது என்பது எங்களில் யாருக்குத்தான் தெரியாது? கல்லைக் கரைக்கும், அழுக்கை அறுக்கும் என்று கேட்டுத்தானே வளர்ந்தோம். இத்தனை நாள் எனக்கு ஏன் தோன்றவில்லை என்று என்மேலேயே கோபம் வந்தது. அடுத்த ஞாயிறே ஜெஞ்சாரோம் பக்கம் ஒரு வாழைத் தோட்டக்காரரிடம் போய், குலை வெட்டிய மரத்தின் தண்டாகப் பார்த்து வாங்கி வந்தேன். காலை ஐந்தரைக்கு எழுந்து, நாரெடுத்து, நறுக்கி, பிளெண்டரில் அரைத்து, மெல்லிய துணியில் பிழிந்து, அரை டம்ளர் சாறு. ஒரு துளி எலுமிச்சை. அவர் பல் துலக்கிவிட்டு வரும்போது மேசையில் இருக்கும்.

முதல் நாள் அவர் டம்ளரைப் பார்த்தார், பிறகு என்னைப் பார்த்தார். "என்னது?"

"வாழைத்தண்டு. உங்களுக்கு நல்லது. குடிங்க."

ஒரே மூச்சில் குடித்தார். சீக்கு வந்த இத்தனை மாதத்தில் அவருக்கு நான் கொடுத்த ஒன்றை முழுசாக அவர் வாங்கிக்கொண்டது அன்றுதான். நாள் முழுக்கப் பாட்டு முனகிக்கொண்டே வேலை செய்தேன்.

பொங்கலுக்கு முந்தைய வாரம் ஆஸ்பத்திரி. டாக்டர் ரத்தப் பரிசோதனையைப் பார்த்து, பொட்டாசியம் கொஞ்சம் ஏறியிருக்கு, என்ன சாப்பிடுறீங்க என்று கேட்டார். தக்காளி, உருளைக்கிழங்கு என்று நான் ஒவ்வொன்றாக யோசித்துச் சொன்னேன். குறைங்க, இது ஏறினால் இதயத்தை நிறுத்திவிடும் என்றார். நான் தலையாட்டினேன். சாற்றைப் பற்றிச் சொல்லவில்லை. மறைக்க வேண்டும் என்று அப்போது நினைக்கவில்லை, சத்தியமாக. அவர் சாப்பாட்டைப் பற்றித்தானே கேட்டார்? மருந்தை யாராவது சாப்பாட்டுக் கணக்கில் சேர்ப்பார்களா? அதோடு, சொன்னால் வேண்டாம் என்பார், நம் வைத்தியம் இவர்களுக்கு என்ன தெரியும் என்றும் ஒரு நினைப்பு. பக்கத்தில் உட்கார்ந்திருந்த என் கணவரும் ஒன்றும் சொல்லவில்லை. வீட்டுக்கு வந்து தக்காளியை நிறுத்தினேன். சாற்றை ஒரு முழு டம்ளராக்கினேன்.

பொங்கல் முடிந்த மூன்றாம் நாள் காலை, "இங்க வா, இங்க வா" என்று வாசலிலிருந்து கத்தினார். நான் யாரோ விழுந்துவிட்டார்கள் என்று கரண்டியோடு ஓடினேன். இடது தொட்டிச் செடியின் நுனியில் ஒரு மொட்டு. கொட்டைப்பாக்கு அளவு, அதே கடினம். இந்தச் சூட்டில் மொட்டு வருவதே அதிசயமாம். கேமரன் மலை நர்சரிக்காரருக்குப் படம் எடுத்து அனுப்பினார். அவர் நம்பவில்லையாம். என் கணவர் சிரித்து நான் பார்த்து எத்தனை மாதம் ஆகியிருந்தது! செல்பேசியைக் கையில் வைத்துக்கொண்டு அங்கேயே செங்கல் மேல் உட்கார்ந்துவிட்டார். எழுந்திருக்கக் கொஞ்சம் கஷ்டப்பட்டார். கால் கனமாக இருக்கிறது என்றார். நான் அதைக் காதில் வாங்கவில்லை, மொட்டையே பார்த்துக்கொண்டிருந்தேன்.

எனக்குத் தோன்றியது இதுதான். அதுவோ மெலிந்த செடி, வயிற்றில் ஒன்றைச் சுமக்கிறது. சூல் கொண்ட பெண்ணை யாராவது பட்டினி போடுவார்களா? எங்கள் வீடுகளில் ஏழாம் மாதம் புளிச்சோறு, எலுமிச்சைச் சோறு, தயிர்ச்சோறு என்று ஐந்து வகை ஆக்கி வளையல் அடுக்கி ஊட்டிவிடுவோம். வாயும் வயிறுமாக இருப்பவள் கேட்காவிட்டாலும் கொடுக்க வேண்டும். இந்த மனிதர் அதற்கு மழைத்தண்ணீரைக் காட்டிக்கொண்டிருக்கிறார். அது பிழைத்தால் அவரும் பிழைத்தார் என்று அவர் வாயாலேயே சொல்லியிருக்கிறார். அப்படியென்றால் அது பூத்தே ஆக வேண்டும்.

ஞாயிற்றுக்கிழமை காலை அவர் பழைய வேலைத் தோழர்களோடு மாமாக் டீக்கடைக்குப் போவார். பாலில்லாத தே ஓ ஒன்று, ஊர்க்கதை கொஞ்சம். அவர் கார் முனை திரும்பியதும் சியாக்காப் மீனைக் கழுவிய தண்ணீரை, நான் கறிவேப்பிலைக்கு ஊற்றுவதில் பாதியளவு, இடது தொட்டியில் ஊற்றினேன். வலது தொட்டி பார்த்துக்கொண்டிருந்தது. ஒன்றுக்குப் போட்டு ஒன்றைப் பார்க்கவிடுகிற ஜென்மம் இல்லை நான். அதற்கும் ஊற்றினேன். அடுத்த ஞாயிறும் ஊற்றினேன். மூன்றாம் ஞாயிறு இரண்டு கரண்டி எலும்புத்தூளை மணலுக்குள் விரலால் குழி தோண்டிப் புதைத்து, மேலே மணலைச் சமமாகத் தடவிவிட்டேன். வாடை தெரியக்கூடாது என்று ஊதுபத்தி ஏற்றி வைத்தேன். திரும்பி வந்தவர், "என்ன, வாசல்ல சாமி கும்பிட்டியா?" என்றார். ஆமாம் என்றேன்.

ஒரு வாரத்தில் புது இலைகள் வெளுத்தன. அடுத்த வாரம் பழைய இலைகளின் ஓரம் பழுப்பாகி, தீயில் காட்டியது போலச் சுருண்டது. மொட்டு மட்டும் அப்படியே இருந்தது. வளரவும் இல்லை, விழவும் இல்லை.

அது மழையில்லாத மாதம். எங்கோ கரிநிலம் எரிந்து, காலையில் கதவைத் திறந்தால் புகை உள்ளே வரும். எதிர்வீட்டுக் கூரை தெரியாது. அவர் முதலில் புகையைத்தான் சந்தேகப்பட்டார். ஈரத்துணியால் ஒவ்வோர் இலையாகத் துடைத்தார். பிறகு மழைத்தண்ணீரோடு கலந்து ஊற்றிய குழாய்த் தண்ணீரைச் சந்தேகப்பட்டார். பிறகு வெயிலை, காற்றாடியை, கடைசியில் மணலை. நோட்டில் எழுதி எழுதி அடித்தார். பத்தடி நடந்தால் அவருக்கு மூச்சு வாங்கியது, புகைதான் என்றோம் இரண்டு பேரும். நெஞ்சுக்குள்ள எதோ குதிக்கிற மாதிரி இருக்கு என்றார் ஒருநாள். எனக்குச் செடி கருகியதும் அவர் நெஞ்சில் குதிப்பதும் ஒன்றுதான் என்று பயம் பிடித்துக்கொண்டது. அந்தப் பயத்தில் நான் என்ன செய்தேன் தெரியுமா? இன்னும் விடியக் காலையிலேயே எழுந்து, இன்னும் திக்காகச் சாறு பிழிந்தேன். செடிக்கு ஊற்றியதை மட்டும் நிறுத்தினேன். நிறுத்தும்போதே எனக்குத் தெரியும். தெரிந்தும் வாய் திறக்கவில்லை.

ஒரு சனிக்கிழமை காலை அவர் இடது தொட்டியைப் படுக்கப் போட்டு, செடியை வெளியே எடுத்தார். நான் ஜன்னலுக்குள் நின்று பார்த்தேன். வேர்களைக் கையால் கோதிக்கொண்டிருந்தவர் திடீரென்று நிறுத்தினார். எதையோ விரல் நுனியில் ஒட்டி எடுத்து வெளிச்சத்தில் பிடித்தார். நகம் அளவு இருந்தது, பளபளவென்று. மீன் செதில். அப்புறம் வேருக்கிடையில் கட்டியாக இருந்த வெள்ளைப் பொடியை முகர்ந்து பார்த்தார்.

"இங்க வா."

போனேன்.

"எப்பயிலருந்து?"

"மொட்டு வந்ததுலருந்து."

"நான் சொன்னேனா இல்லையா?" அவர் குரல் ஏறியது. எங்கள் முப்பத்தோரு வருட வாழ்க்கையில் அவர் அப்படிக் கத்தி நான் கேட்டதில்லை. "தொடாத, எதையும் போடாதன்னு சொன்னேனா இல்லையா? கேக்க மாட்டியா? ஒரு வார்த்த என்கிட்ட கேட்டா என்ன? எல்லாத்துக்கும் நீயே டாக்டரா? சாப்பாடு, சாப்பாடு, சாப்பாடு! ஒனக்கு வேற ஒண்ணும் தெரியாதா?"

பக்கத்து வீட்டில் துணி காயப்போட்டவர் உள்ளே போய்விட்டார். என் கணவர் செடியை முன்வாசல் குப்பைத் தொட்டியில் போட்டார். மொட்டு மேலே நீட்டிக்கொண்டு நின்றது. வலது தொட்டியில் எலும்புத்தூளைத் தோண்டி எடுத்துவிட்டு, பீப்பாயில் மிச்சமிருந்த மழைத்தண்ணீரால் பத்துப் பன்னிரண்டு முறை அலசினார்.

இரண்டு நாள் என்னோடு பேசவில்லை. இரண்டு நாளும் நான் சாறு வைத்தேன். என்ன கோபம் இருந்தாலும் உடம்புக்கு ஆவதை நிறுத்தலாமா என்று நினைத்தேன். இரண்டு நாளும் அவர் ஒன்றும் பேசாமல் அதைக் குடித்தார். மூன்றாம் நாள் காலை குடித்துவிட்டு நாற்காலியிலிருந்து எழ முயன்றார். கால் எழவில்லை. "காலு இல்லாத மாதிரி இருக்கு" என்றார். முகம் மெழுகு மாதிரி ஆகிவிட்டது. ஆம்புலன்ஸில் அவர் கட்டைவிரலைப் பிடித்துக்கொண்டே போனேன்.

அவசரப் பிரிவில் நெஞ்சில் ஒயர்களை ஒட்டி, திரையில் ஓடிய கோட்டைப் பார்த்துவிட்டு ஆளுக்கு ஒரு பக்கம் ஓடினார்கள். ஊசி மேல் ஊசி. பொட்டாசியம், பொட்டாசியம் என்று அவர்கள் பேசிக்கொண்டது காதில் விழுந்தது. மத்தியானத்துக்குள் கழுத்தில் குழாய் போட்டு டயாலிசிஸ் தொடங்கிவிட்டார்கள். எதைத் தள்ளிப்போட வாழ்ந்தோமோ அது இயந்திரத்தின் சத்தமாக எதிரே ஓடிக்கொண்டிருந்தது. சாயங்காலம் அந்த உணவு ஆலோசகப் பெண் வந்து பக்கத்தில் உட்கார்ந்தாள். திட்டவில்லை. "ஆன்டி, பயப்படாம சொல்லுங்க. ஏதாச்சும் ஜூஸ், ஹெர்பல், எதாச்சும் குடுத்தீங்களா?"

சொன்னேன். வாழைத்தண்டு, தினமும், ஒரு முழு டம்ளர். அவள் கண்ணை மூடித் திறந்தாள். நல்ல சிறுநீரகம் உள்ளவருக்கு அது ஒன்றும் செய்யாது ஆன்டி, வாழையில் பொட்டாசியம் அதிகம், அங்கிளுடைய கிட்னி அதை வெளியேற்றாது, ரத்தத்திலேயே நின்றுவிடும் என்று நிதானமாகச் சொன்னாள். "நான் குடுத்த தாளோட பின்பக்கம் முழுக்க அதுதான் ஆன்டி இருக்கு," என்றாள். செடியின் விதி அவருக்கு வந்ததோ, கண் பட்டதோ, எந்தச் சாமிக்கு என்ன குறை வைத்தேனோ என்று காலையிலிருந்து தேடிக்கொண்டிருந்தேன். எங்கும் தேட வேண்டியிருக்கவில்லை. இரண்டையும் செய்தது என் கை.

அவருக்குத் தெளிவு வந்தபோது அவர் படுக்கை ஓரம் நின்று அழுதேன். "நான் பின்பக்கத்தைப் படிக்கவே இல்லைங்க. எனக்குத் தெரியாதுங்க," என்றேன்.

"நான் படிச்சேன்," என்றார்.

எனக்குப் புரியவில்லை. மருந்து மயக்கத்தில் பேசுகிறார் என்று நினைத்தேன்.

"வாங்கிட்டு வந்த அன்னைக்கே கார்லயே படிச்சேன். கடைசி வரியில போட்டிருந்துச்சு, எந்தச் சாறும் கஷாயமும் குடிக்கக் கூடாதுன்னு."

"அப்புறம் ஏங்க குடிச்சீங்க?"

"காலையில நீ பிளெண்டர் போடுற சத்தம் கேக்கும். கூடவே பாட்டு முனகுவ. சீக்கு வந்ததுலருந்து நீ பாடி நான் கேக்கவே இல்ல. வேணாம்னு எப்படிச் சொல்றது? அரை டம்ளர்தானே, ஒண்ணும் ஆகாதுன்னு நெனச்சேன்."

செடிக்காக அப்படிக் கத்தினீர்களே, அதில் ஒரு பங்கு உங்களுக்காகக் கத்தியிருக்கக் கூடாதா என்று கேட்க நினைத்தேன். கேட்கவில்லை. கத்தியிருந்தால் நான் கேட்டிருப்பேனா என்பதும் எனக்குத் தெரியவில்லை.

இப்போது வாரத்துக்கு மூன்று நாள் டயாலிசிஸ். குடிக்கிற தண்ணீரும் அளவுதான். வீட்டுக்கு வந்த முதல் நாள், மாத்திரைக்காக அளந்து எடுத்த தண்ணீரை அவரிடம் நீட்டினேன். அவர் டம்ளருக்குள் பார்க்கவில்லை. என் முகத்தைப் பார்த்தபடியே வாங்கி, ஒரே மூச்சில் குடித்துவிட்டு, காலி டம்ளரை என் கையில் கொடுத்தார். நான் எதைக் கொடுத்தாலும் அவர் குடிப்பார். இந்த வீட்டில் என்னைத் தடுக்க யாருமே இல்லை.